வைஃபை தேடும் மென்பொருள் ஒன்றும் காட்டவில்லையா? முதலில் தராசைச் சோதியுங்கள்!



ஒரு காலத்தில் மளிகைக் கடைக்குத் தராசு, படிக்கல், கல்லாப்பெட்டி, கணக்குப் பேரேடு ஆகிய நான்கும் இருந்தால் போதும், வியாபாரம் நடக்கும். இன்று அந்த வரிசையில் ஐந்தாவதாக வைஃபையும் வந்து உட்கார்ந்துவிட்டது. பில் போடும் கம்ப்யூட்டர், ரசீது அச்சிடும் இயந்திரம், கண்காணிப்புக் கேமரா எல்லாம் கம்பியில்லாமல் அதன் வழியாகவே பேசிக்கொள்கின்றன. ஆண்டு விற்றுமுதல் 5 கோடி ரூபாயைத் தாண்டிய மொத்த வியாபாரிகள், பிற வியாபாரிகளுக்கு விற்கும் சரக்குக்கு 1.8.2023 முதல் இ-இன்வாய்ஸ் எடுத்தே ஆக வேண்டும். நெட் வேலை செய்யாவிட்டால் லாரியில் மூட்டை ஏறிய பிறகும் வண்டி வாசலிலேயே நிற்கும்.

இப்படி நெட் தடுமாறும்போது நாம் யாரையாவது அழைக்கிறோம். வருகிறவர் கம்ப்யூட்டரில் வைஃபை தேடும் மென்பொருள் ஒன்றை ஓட்டிப் பார்க்கிறார். பட்டியல் காலியாக வந்தால், "ரூட்டர் போய்விட்டது, புதிது வாங்குங்கள்" என்கிறார். நாமும் சில ஆயிரங்களை எடுத்துக் கொடுத்துவிடுகிறோம். ஆனால் பல நேரங்களில் பழுது ரூட்டரில் இருப்பதில்லை, தேடிய கம்ப்யூட்டரிலேயே இருக்கிறது. அதை நாமே எப்படிக் கண்டுகொள்வது என்பதைச் சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

இந்த மென்பொருள் செய்வது என்ன?

ஒவ்வொரு ரூட்டரும் தன் பெயரை ஒரு விநாடிக்குச் சுமார் 10 முறை காற்றில் அறிவித்துக்கொண்டே இருக்கிறது. சந்தையில் கூவி விற்பவரைப் போல என்று வைத்துக்கொள்ளுங்கள். தேடும் மென்பொருள் ஒவ்வொரு சேனலாக அந்த அறிவிப்பைக் கேட்டு, ரூட்டரின் பெயர், அதன் அடையாள எண், சேனல் எண், சமிக்ஞையின் பலம், பூட்டின் வகை ஆகியவற்றைப் பட்டியலிடுகிறது.

ஆனால் மென்பொருள் தானாக எதையும் கேட்பதில்லை. அது விண்டோஸைக் கேட்கிறது. விண்டோஸ் டிரைவரைக் கேட்கிறது. டிரைவர் வைஃபை அடாப்டரைக் கேட்கிறது. அடாப்டர்தான் காற்றில் வருவதைக் கேட்கிறது. இடையில் ஒருவர் வாய் மூடிக்கொண்டாலும் பட்டியல் காலியாகத்தான் வரும். ஆகவே காலியான பட்டியலைப் பார்த்ததும் காற்றில் வைஃபையே இல்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

மூட்டை எடை குறைந்தால் நாம் என்ன செய்கிறோம்? சரக்கு அனுப்பியவரோடு சண்டைக்குப் போவதற்கு முன், தராசு பூஜ்யத்தில் நிற்கிறதா என்று பார்க்கிறோம். எடை தெரிந்த படிக்கல் ஒன்றைத் தட்டில் வைத்துச் சோதிக்கிறோம். இங்கும் அதே முறைதான்.

கையில் இருக்கும் படிக்கல்

இந்தச் சோதனைக்கான படிக்கல் நம் சட்டைப் பையிலேயே இருக்கிறது. செல்போனில் ஹாட்ஸ்பாட் போட்டு, கம்ப்யூட்டருக்குப் பக்கத்தில் ஒரு முழ தூரத்தில் வைக்க வேண்டும். ஹாட்ஸ்பாட் அமைப்பில் 2.4 கிகாஹெர்ட்ஸ் என்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். ஐபோனாக இருந்தால் 'மேக்சிமைஸ் கம்பாட்டிபிலிட்டி' என்பதைப் போட்டால் அதே பலன் கிடைக்கும். பிறகு தேடும் மென்பொருளை ஓட்டிப் பாருங்கள்.

ஹாட்ஸ்பாட் பெயர் பட்டியலில் வந்துவிட்டால் கம்ப்யூட்டரின் காது கேட்கிறது என்று பொருள். இனி ரூட்டர் பக்கம் போகலாம். ஒரு முழ தூரத்தில் இருப்பதே வரவில்லை என்றால் பழுது கம்ப்யூட்டரில்தான். ரூட்டரைத் தொடவே வேண்டாம். இரண்டு நிமிடத்தில் முடியும் இந்தச் சோதனையைச் செய்யாமல் புதிய ரூட்டருக்குப் பணம் கொடுப்பது, தராசைச் சோதிக்காமல் மூட்டையைத் திருப்பி அனுப்புவது போன்றது.

கம்ப்யூட்டரில் பழுது என்று தெரிந்தால் கீழ்க்கண்டவற்றை வரிசையாக, ஒன்றன் பின் ஒன்றாகப் பார்க்க வேண்டும். நான்கைந்தை ஒரே நேரத்தில் மாற்றினால் எதனால் சரியானது என்பதே தெரியாமல் போய்விடும்.

1. அடாப்டர் இருக்கிறதா?

கடைகளில் பில் போடப் பயன்படும் மேசைக் கம்ப்யூட்டர்கள் பலவற்றில் வைஃபை அடாப்டரே இருக்காது. அவை ரூட்டரிலிருந்து வரும் கேபிளில் ஓடுபவை. அத்தகைய கம்ப்யூட்டரில் எந்த மென்பொருளைப் போட்டாலும் ஒன்றும் தெரியாது. ஸ்டார்ட் பொத்தானில் மவுஸின் வலது பக்கத்தை அழுத்தி, 'டிவைஸ் மேனேஜர்' திறந்து, 'நெட்வொர்க் அடாப்டர்ஸ்' என்ற தலைப்பின் கீழ் வயர்லெஸ் அல்லது வைஃபை என்ற சொல் உள்ள வரி இருக்கிறதா என்று பாருங்கள். இல்லாவிட்டால் யூஎஸ்பி வைஃபை அடாப்டர் ஒன்று வாங்கிச் செருக வேண்டும். வரி இருந்து, அதன் மேல் கீழ்நோக்கிய சிறிய அம்புக்குறி இருந்தால் யாரோ அதை நிறுத்தி வைத்திருக்கிறார்கள். 'எனேபிள்' கொடுக்க வேண்டும். மஞ்சள் முக்கோணம் இருந்தால் டிரைவரில் கோளாறு.

2. சுவிட்ச் போட்டிருக்கிறதா?

ஏரோப்ளேன் மோட் போட்டிருந்தால் வைஃபை முழுவதும் ஊமையாகிவிடும். சில லேப்டாப்களில் மேல் வரிசைப் பொத்தான் ஒன்று கைதவறி அழுந்தினாலே வைஃபை நின்றுவிடும். கடைப் பையன்கள் விசைப்பலகையைத் துடைக்கும்போது இது நேர்வதுண்டு.

3. விண்டோஸின் வைஃபை பிரிவு ஓடுகிறதா?

ஸ்டார்ட் பக்கத்தில் 'சர்வீசஸ்' என்று தேடித் திறந்தால் நீண்ட பட்டியல் ஒன்று வரும். அதில் 'டபிள்யூலேன் ஆட்டோகான்ஃபிக்' என்ற வரி 'ரன்னிங்' என்று இருக்க வேண்டும். அது தொடங்கும் முறை 'ஆட்டோமேட்டிக்' என்று இருக்க வேண்டும். விண்டோஸில் வைஃபை தேடும் பணியை நடத்துவது இதுவே. "கம்ப்யூட்டரை வேகமாக்குகிறோம்" என்று சொல்லிச் சில மென்பொருட்கள் இதுபோன்ற பிரிவுகளை நிறுத்தி வைத்துவிடுவது உண்டு.

4. இருப்பிட அனுமதி கொடுத்திருக்கிறதா?

இப்போது மிக அதிகமாகத் தொல்லை தருவது இதுதான். 2024 அக்டோபரில் விண்டோஸ் 11-க்கு 24எச்2 என்ற பதிப்பு வந்தது. அதிலிருந்து, அருகிலுள்ள வைஃபை பட்டியலை ஒரு மென்பொருள் கேட்டால், அதற்கு 'லொகேஷன்' அனுமதி இருக்க வேண்டும் என்று மைக்ரோசாஃப்ட் வைத்துவிட்டது. அனுமதி இல்லையென்றால் பட்டியல் காலியாகவோ, பிழைச் செய்தியாகவோ வரும். நேற்றுவரை நன்றாக ஓடிய மென்பொருள், விண்டோஸ் தன்னைப் புதுப்பித்துக்கொண்ட மறுநாள் காலையில் ஒன்றும் காட்டாமல் போவதற்கு இது ஒரு முக்கியக் காரணம்.

வைஃபை தேடுவதற்கும் இருப்பிடத்துக்கும் என்ன தொடர்பு என்று கேட்கலாம். ஒவ்வொரு ரூட்டருக்கும் தனி அடையாள எண் உண்டு. எந்த எண் எந்தத் தெருவில் இருக்கிறது என்ற விவரத்தைப் பெரிய நிறுவனங்கள் திரட்டி வைத்திருக்கின்றன. ஆகவே சுற்றியுள்ள ரூட்டர்களின் எண்கள் தெரிந்தால் கம்ப்யூட்டர் இருக்கும் இடமும் தெரிந்துவிடும். அதனால்தான் இந்தக் கட்டுப்பாடு. ஆண்ட்ராய்டு செல்போன்களில் 2015-ல் வந்த 6-ஆம் பதிப்பிலிருந்தே இவ்வகைத் தேடலுக்கு இருப்பிட அனுமதி தேவைப்படுகிறது.

செய்ய வேண்டியது எளிது. 'செட்டிங்ஸ்' திறந்து, 'பிரைவசி அண்டு செக்யூரிட்டி', அதற்குள் 'லொகேஷன்' என்று போக வேண்டும். அங்கே 'லொகேஷன் சர்வீசஸ்' என்ற முதல் சுவிட்சையும், மென்பொருட்களை அனுமதிக்கும் அடுத்த சுவிட்சையும், கடைசியில் 'டெஸ்க்டாப் ஆப்ஸ்' என்று இருக்கும் சுவிட்சையும் போட வேண்டும். முதல் இரண்டை மட்டும் போட்டுவிட்டு மூன்றாவதை மறந்துவிடுபவர்கள் பலர். பிறகு தேடும் மென்பொருளை மூடித் திறக்க வேண்டும். சோதனை முடிந்ததும் வேண்டுமானால் அனுமதியை நிறுத்திவிடலாம்.

தீபாவளிச் சரக்கு இறங்கும் வாரத்தில் எங்கள் மண்டியில் இதே நிலை வந்தது. பார்க்க வந்தவர் காலிப் பட்டியலைக் காட்டி, ரூட்டரோடு சேர்த்து இன்னும் இரண்டு கருவிகளுக்கு விலை எழுதிக் கொடுத்தார். அதே ரூட்டரில் எங்கள் கணக்குப்பிள்ளையின் செல்போன் அந்நேரமும் ஓடிக்கொண்டிருந்தது. அதைச் சுட்டிக்காட்டி, "காற்றில் ஒன்றுமே இல்லையென்றால் இது எதில் ஓடுகிறது, தம்பி?" என்று கேட்டோம். அதன் பிறகே அவர் செட்டிங்ஸ் பக்கம் போனார். லொகேஷன் சுவிட்சைப் போட்டதும் எங்கள் ரூட்டரோடு அக்கம்பக்கத்துக் கடைகளின் பெயர்களும் வரிசையாக வந்து நின்றன. புதிய ரூட்டர் வாங்கவில்லை.

5. மென்பொருள் பழையதா?

வைஃபை தேடும் மென்பொருட்களில் ஒரு காலத்தில் புகழ்பெற்றிருந்தது நெட்ஸ்டம்ப்ளர். மாரியஸ் மில்னர் என்பவர் எழுதியது. அதன் 0.4 பதிப்பு 2004-ல் வந்தது, அத்துடன் நின்றுவிட்டது. விண்டோஸ் விஸ்டா வந்தபோது வைஃபை டிரைவர்களின் அமைப்பே மாறியதால், அதற்குப் பிந்தைய விண்டோஸ் பதிப்புகளில் அது ஒழுங்காக ஓடாது. பழைய குறுந்தகட்டில் யாராவது அதைக் கொண்டுவந்து போட்டால் காலிப் பட்டியல் வருவதில் வியப்பில்லை. இன்சைடர் போன்ற பிந்தைய மென்பொருட்களை அவற்றைத் தயாரித்தவரின் சொந்தத் தளத்திலிருந்தே இறக்கிக்கொள்ள வேண்டும். இலவச டிரைவர், பூட்டுடைத்த மென்பொருள் என்று எங்கிருந்தோ எடுத்துவந்து பில் போடும் கம்ப்யூட்டரில் போடுவது, கல்லாச் சாவியை வழிப்போக்கரிடம் கொடுப்பதற்குச் சமம். விண்டோஸ் 10-க்கான மைக்ரோசாஃப்டின் வழக்கமான ஆதரவு 14.10.2025 அன்று முடிந்துவிட்டது என்பதையும் அப்பதிப்பை இன்னும் வைத்திருக்கும் நண்பர்கள் மனத்தில் கொள்ள வேண்டும்.

பட்டியல் பாதி மட்டும் வந்தால்

சில நேரங்களில் பட்டியல் வரும். ஆனால் நம் ரூட்டரின் ஒரு பெயர் மட்டும் இருக்காது. இதற்கும் காரணங்கள் உண்டு.

ரூட்டர்கள் பல 2.4 கிகாஹெர்ட்ஸ், 5 கிகாஹெர்ட்ஸ் என்று இரண்டு அலைவரிசைகளில் பேசும். மலிவான யூஎஸ்பி அடாப்டர்கள் சில 2.4 மட்டுமே கேட்கும். அவற்றின் பட்டியலில் 5 ஒருநாளும் வராது. நம் அடாப்டர் எவ்வகை என்று அறிய, 'கமாண்ட் பிராம்ப்ட்' திறந்து, ஆங்கிலத்தில் என், இ, டி, எஸ், எச் என்ற ஐந்து எழுத்துகள். இடைவெளி விட்டு டபிள்யூ, எல், ஏ, என் என்ற நான்கு எழுத்துகள். மீண்டும் இடைவெளி விட்டு 'ஷோ', 'டிரைவர்ஸ்' என்ற இரு சொற்கள் அடித்து என்டர் தட்டினால் விவரம் வரும். அதில் 802.11 என்ற எண்ணை அடுத்து ஏசி என்ற எழுத்துகள் இருந்தால் 5 கிகாஹெர்ட்ஸும் கேட்கும். பி, ஜி, என் ஆகியவை மட்டும் இருந்தால் பெரும்பாலும் 2.4 மட்டுமே. ஹாட்ஸ்பாட்டை 5-க்கு மாற்றி வைத்தும் இதைச் சோதிக்கலாம்.

இந்தியாவில் 2.4 அலைவரிசையில் 1 முதல் 13 வரை சேனல்கள் உண்டு. அமெரிக்கச் சந்தைக்கென அமைக்கப்பட்ட அடாப்டர்கள் 12, 13 இரண்டையும் கேட்காமல் விட்டுவிடக்கூடும். 5 அலைவரிசையின் நடுச் சேனல்கள் சில ராடார் கருவிகளும் பயன்படுத்துபவை. ஆகவே கம்ப்யூட்டர் அங்கே தானாகக் குரல் கொடுக்காமல், ரூட்டர் பேசும்வரை காத்திருந்துதான் கேட்கும். அவை பட்டியலில் சற்றுத் தாமதமாக வரலாம். ஒரே முறை பார்த்துவிட்டு மூடிவிடக் கூடாது. பெயரில்லாத வெற்று வரி வந்தால், அது பெயரை மறைத்து வைத்த ரூட்டராக இருக்கும்.

இன்னொன்று. யூஎஸ்பி 3 வகை ஹார்டு டிஸ்க்கும் அதன் வயரும் 2.4 அலைவரிசையில் இரைச்சல் எழுப்பும் என்பதை இன்டெல் நிறுவனமே 2012-ல் ஓர் அறிக்கையில் விளக்கியுள்ளது. கணக்கு நகல் எடுக்கும் ஹார்டு டிஸ்க்கின் பக்கத்துத் துளையில் வைஃபை அடாப்டரைச் செருகியிருந்தால், நகல் எடுக்கும் நேரத்தில் மட்டும் நெட் தடுமாறும். நீட்டிப்பு வயர் போட்டு அடாப்டரைத் தள்ளி வைத்தால் போதும்.

வந்த எண்ணைப் படிப்பது எப்படி?

சமிக்ஞை பலம் டிபிஎம் என்ற அளவில், கழித்தல் குறியோடு வரும். கழித்தல் என்றதும் நமக்குக் கடன் பாக்கி நினைவுக்கு வரும். இங்கே எண் சிறியதாக இருந்தால் பலம் அதிகம். -50 மிக நன்று. -60 முதல் -67 வரை நல்லது. -70 தாண்டினால் தடுமாறும். -80 தாண்டினால் அதை நம்பி பில் போட முடியாது. 10 எண் குறைந்தால் பலம் பத்தில் ஒரு பங்காகிவிடுகிறது. -50-க்கும் -80-க்கும் உள்ள வேறுபாடு ஆயிரம் மடங்கு.

விண்டோஸ் இதையே சதவீதமாகக் காட்டும். -50 என்பது 100 சதவீதம். -100 என்பது பூஜ்யம். அப்படியானால் -75 என்பது 50 சதவீதம். பாதி இருக்கிறதே என்று மகிழ்ந்துவிடக் கூடாது. -75 என்பது பலவீனமான சமிக்ஞைதான். ஒரு மென்பொருள் சதவீதமும் மற்றொன்று டிபிஎம்மும் காட்டும்போது ஏதோ ஒன்று தவறு என்று எண்ண வேண்டாம்.

லேப்டாப்பைக் கையில் எடுத்துக்கொண்டு கடை முழுவதும் நடந்து, இடத்துக்கு இடம் எண்ணைக் குறித்துக்கொள்வதே இம்மென்பொருளின் உண்மையான பயன். எங்கள் மண்டியில் பில் மேசையருகே -48 இருந்தது. சர்க்கரை மூட்டை அட்டிக்குப் பின்னால் எடைபோடும் இடத்தில் -79. ரூட்டர் இரும்பு பீரோவுக்குப் பின்னால் தரைமட்டத்தில் இருந்தது. அதைச் சுவரில் ஆள் உயரத்துக்கு மேல் ஏற்றிய பின் அதே இடத்தில் -65 வந்தது. செலவு இரண்டு ஆணியும் சிறிது கேபிளும். இரும்பு அலமாரி, எண்ணெய் டின், தண்ணீர்க் கேன் ஆகியவை அலையை மறிப்பவை என்பதை மளிகைக்காரர்கள் குறிப்பாக நினைவில் கொள்ள வேண்டும்.

நிற்க. இம்மென்பொருளுக்குத் தெரியாதவையும் உண்டு. அது ரூட்டர்களின் குரலை மட்டுமே பட்டியலிடும். மைக்ரோவேவ் அடுப்பு வேலை செய்யும் அலைவரிசையும் ஏறத்தாழ 2.45 கிகாஹெர்ட்ஸ்தான், ஆனால் அதன் இரைச்சல் பட்டியலில் வராது. பட்டியல் நன்றாக இருந்து, குறிப்பிட்ட நேரங்களில் மட்டும் நெட் இழுத்தால், பக்கத்து பேக்கரியில் அடுப்பு ஓடும் நேரத்தோடு பொருத்திப் பாருங்கள். சமிக்ஞை பலமாக இருந்தும் நெட் வராவிட்டால், பழுது ரூட்டருக்கு வெளியே, இணைப்புத் தரும் நிறுவனத்தின் பக்கம் இருக்கலாம்.

ஒரே வரிசைக் கடைக்காரர்களுக்கு ஒரு யோசனை

2.4 அலைவரிசையில் 13 சேனல்கள் இருந்தாலும், அவை 5 மெகாஹெர்ட்ஸ் இடைவெளியில்தான் அடுக்கப்பட்டுள்ளன. ஒரு ரூட்டர் எடுத்துக்கொள்ளும் அகலமோ 20 மெகாஹெர்ட்ஸ். ஆகவே ஒன்றையொன்று இடிக்காமல் இருக்க வழக்கமாகத் தேர்ந்தெடுக்கப்படுபவை 1, 6, 11 ஆகிய மூன்று. ஒரே சேனலில் உள்ள ரூட்டர்கள் முறை வைத்துப் பேசிக்கொள்ளும். ஒருவர் 6-லும் அடுத்தவர் 4-லும் இருந்தால் ஒருவர் பேச்சு மற்றவருக்கு வெறும் இரைச்சலாகி, இருவருக்குமே கெடுதி.

கடைவீதியில் தோளோடு தோள் ஒட்டிய கடைகள் நம்முடையவை. ஒரு வரிசைக் கடைக்காரர்கள் ஒரு மாலைப்பொழுது கூடி, தேடும் மென்பொருளில் பட்டியலைப் பார்த்து, முதல் கடைக்கு 1, அடுத்ததற்கு 6, அதற்கடுத்ததற்கு 11 என்று பிரித்துக்கொண்டு, அகலத்தை 20-லேயே வைத்துக்கொண்டால் யாருக்கும் ஒரு பைசா செலவில்லாமல் எல்லோருக்கும் நெட் சீராகும். வாசலில் சரக்கு இறக்கும் நேரத்தை நாம் பேசிப் பிரித்துக்கொள்வதில்லையா? சங்கக் கிளைகள் இதை முன்னின்று செய்யலாம்.

ஓர் எச்சரிக்கை. காற்றில் அறிவிக்கப்படும் பெயர்களைப் பார்ப்பது வேறு. அடுத்தவர் வைஃபைக்குள் அனுமதியின்றி நுழைவது வேறு. தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000-ன் 43, 66 ஆகிய பிரிவுகளின்படி அவ்வாறு நுழைவதற்கு இழப்பீடு உண்டு. தீய நோக்கத்தோடு செய்தால் 3 ஆண்டு வரை சிறை அல்லது 5 லட்சம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் உண்டு. கடையில் வேலை செய்யும் இளைஞர்களிடம் இதைத் தெளிவாகச் சொல்லி வையுங்கள். நம் ரூட்டரின் பூட்டும் டபிள்யூபிஏ 2 அல்லது 3 என்று இருக்கிறதா என்பதை அதே பட்டியலில் பார்த்துக்கொள்ளுங்கள்.

முடிவாக, கடையில் ஒரு 40 பக்க நோட்டுப் போட்டு, ரூட்டரின் பெயர், சேனல், மேசைக்கு மேசை வந்த எண்கள், சோதித்த தேதி ஆகியவற்றை எழுதி வைக்கக் கேட்டுக்கொள்கிறோம். எல்லாம் நன்றாக ஓடும் நாளில் எழுதிய எண்கள்தான், ஓடாத நாளில் ஒப்பிட்டுப் பார்க்க உதவும். பழுது பார்க்க வருகிறவரிடம் அந்த நோட்டைக் காட்டி, ஹாட்ஸ்பாட் சோதனையையும் செய்துகாட்டச் சொல்லுங்கள். அதன் பிறகும் ரூட்டர்தான் பழுது என்று தெரிந்தால் தாராளமாகப் புதிது வாங்குங்கள்.